ஆரல்வாய்மொழியில் ஓர் இறக்கை

ஆரல்வாய்மொழி தாண்டியதும் பஸ் நின்றுவிட்டது. முன்னால் ஒரு நீண்ட டிரெய்லர். அதன்மேல் காற்றாலையின் ஒற்றை இறக்கை.

வளைவில் வண்டி திரும்பவில்லை. ஒருவர் குறுக்கே தொங்கிய கேபிளை மூங்கில் கழியால் தூக்கிப் பிடித்தார். இன்னொருவர் இறக்கையின் நுனியோடு கூடவே நடந்து, "ஒடி, ஒடி... போதும்!" என்று கத்தினார். ஒரு வேப்பங்கிளை மட்டும் முறிந்தது.

1990களில் ஆரல்வாய்மொழியை அடுத்த முப்பந்தல் பக்கம் நட்ட காற்றாலைகள் பல 225, 250 கிலோவாட் திறன் கொண்டவை. இப்போது வருபவை 2, 3 மெகாவாட். பழையவை பத்து செய்யும் வேலையை இது ஒன்றே செய்துவிடும். ஆனால் நல்ல காற்றடிக்கும் இடங்களில் பழையவைதானே கால் ஊன்றி நிற்கின்றன!

அதைவிட எரிச்சலான விஷயம் ஒன்று உண்டு.

ஆடிக் காற்று இரவிலும் ஓயாது. ஊர் தூங்குவதால் மின்தேவை குறைந்துவிடும். அனல்மின் நிலையத்தை நினைத்த நேரத்தில் அணைத்து மறுபடி மூட்ட முடியாது. அதனால் சில வேளைகளில், எரிபொருள் செலவே இல்லாத காற்றாலையை நிறுத்தச் சொல்கிறார்கள். நிலக்கரி எரிகிறது, காற்று வீணாகிறது.

மிஞ்சும் மின்சாரத்தில் தண்ணீரை மேலேற்றி, தேவைப்படும்போது இறக்கி மின்சாரம் எடுக்கலாம். நீலகிரியில் குந்தாவில் அதற்கென்றே 500 மெகாவாட் திட்டம் போட்டார்கள். அதைப் போல இன்னும் நாலைந்தாவது வேண்டும். இறக்கைகள் எப்படியும் வந்து சேர்ந்துவிடும், வேப்பமரங்கள்தான் பாவம்.