பிளேஸ்டேஷன் 2 எமுலேட்டர்: செட்டிங்கில் கைவைப்பதற்கு முன்

பிளேஸ்டேஷன் 2-வின் பிரதான செயலி ஓடிய வேகம் 294 மெகாஹெர்ட்ஸ். ராம் 32 எம்பி, கிராபிக்ஸ் நினைவகம் வெறும் 4 எம்பி. 2000-ல் வந்த இந்தப் பெட்டியைவிட இன்றைய சாதாரண லேப்டாப் எல்லா வகையிலும் பல மடங்கு பெரியது. ஆனாலும் அந்தப் பெட்டியைக் கணினிக்குள் மென்பொருளாகவே நடித்துக் காட்டும் பிசிஎஸ்எக்ஸ்2 எமுலேட்டரில் அதன் கேம் ஒன்றைப் போட்டால் சில லேப்டாப்கள் மூச்சு வாங்குகின்றன. உடனே யாரோ ஒருவர் வீடியோவில் காட்டிய முப்பது செட்டிங்குகளையும் அப்படியே மாற்றி வைத்துவிட்டு, முன்பைவிட மோசமாக ஓடுகிறது என்று வருந்துகிறோம்.

திணறுவதற்குக் காரணம் இருக்கிறது. அந்தப் பெட்டிக்குள் எமோஷன் எஞ்சின் என்ற பிரதான செயலி, அதோடு ஒட்டிய இரண்டு வெக்டர் யூனிட்கள், படம் வரையும் கிராபிக்ஸ் சிந்தசைசர், உள்ளீடு வெளியீட்டைக் கவனிக்கும் பழைய பிளேஸ்டேஷன் 1 செயலி, ஒலிக்குத் தனிச் சிப் என்று பலரும் ஒரே நேரத்தில், ஒருவருக்கொருவர் தாளம் தப்பாமல் வேலை செய்தார்கள். எமுலேட்டர் இத்தனை பேரின் வேலையையும் மொழிபெயர்த்து, நேரமும் பிசகாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். இந்தச் சுமை இரண்டு மூன்று த்ரெட்களின் (தனித்தனியாக ஓடும் வேலை இழைகளின்) மேல்தான் விழுகிறது. அதனால் கணினியில் 16 கோர் இருப்பது பெரிதல்ல. ஒரு கோர் தனியாக எவ்வளவு வேகம் என்பதே கணக்கு. செயலியில் எஸ்எஸ்இ 4.1 என்ற கட்டளைத் தொகுப்பு கட்டாயம், ஏவிஎக்ஸ்2 தொகுப்பும் இருந்தால் நல்லது. இயங்குதளம் 64 பிட்டாக இருக்க வேண்டும். கிராபிக்ஸ் கார்டு எவ்வளவு பெரியது என்பது, படத்தை எவ்வளவு பெரிதாக்கப் போகிறீர்கள் என்பதைப் பொறுத்தது.

<b>நிறுவும்போது</b>

பிசிஎஸ்எக்ஸ்2-வின் சொந்தத் தளத்திலிருந்து மட்டும் இறக்குங்கள். 2.0 பதிப்பு ஜூலை 2024-ல் வந்தது. அதற்குப் பிந்தைய ஸ்டேபிள் பதிப்பு எதுவானாலும் சரி. 1.6 காலத்து வழிகாட்டிகளை ஒதுக்கிவிடுங்கள். அதில் ஒலி, படம், கன்ட்ரோலர் ஒவ்வொன்றுக்கும் தனி ப்ளக்இன் (கூடுதலாகச் செருகும் துணை நிரல்) இருந்தது. இப்போது ப்ளக்இன் என்பதே கிடையாது. யாராவது ப்ளக்இன் பெயரைச் சொல்லி ஆரம்பித்தால், அந்த அறிவுரை காலாவதியானது என்று பொருள்.

திறந்ததும் ஏதோ ஒரு டிஎல்எல் கோப்பு இல்லை என்று விண்டோஸ் சொன்னால், மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் 64 பிட் தொகுப்பை நிறுவினால் போதும். அந்த ஒற்றை டிஎல்எல்லை மட்டும் எங்கிருந்தோ இறக்கிப் போடாதீர்கள்.

இன்னொரு விஷயத்தை ஆரம்பத்திலேயே முடிவு செய்துவிடுவது நல்லது. வழக்கமாக எமுலேட்டர் தன் சேமிப்புகளை டாக்குமென்ட்ஸ் ஃபோல்டருக்குள் வைக்கிறது. அந்த ஃபோல்டர் ஒன்டிரைவோடு இணைந்திருந்தால், எமுலேட்டர் தன் மெமரி கார்டு கோப்பில் எழுதும்போதே ஒன்டிரைவும் அதைப் பிடித்து மேலேற்றப் பார்க்கும். சேமிப்பு கெட்டுப்போக இதைவிட நல்ல வழி வேண்டியதில்லை. ஜிப் வடிவில் இறக்கி, எமுலேட்டரின் எக்ஸிகியூட்டபிள் கோப்பு இருக்கும் அதே ஃபோல்டரில் 'போர்ட்டபிள்' (portable) என்ற ஆங்கிலப் பெயரில் ஒரு வெற்று டெக்ஸ்ட் கோப்பை உருவாக்கிவிட்டால், எல்லாம் அந்த ஃபோல்டருக்குள்ளேயே அடங்கிவிடும். விண்டோஸ் கோப்பின் பின்னொட்டை மறைத்து வைத்திருந்தால், பெயரோடு டிஎக்ஸ்டி என்றும் சேர்த்துத் தட்டாதீர்கள். பின்னொட்டு இரண்டு முறை வந்து, எமுலேட்டர் அதைக் கண்டுகொள்ளாது.

<b>பயாஸும் டிஸ்க்கும்</b>

பெட்டியைத் துவக்கும் அடிப்படை மென்பொருளான பயாஸ் இல்லாமல் எதுவும் நகராது. அது சோனியின் காப்புரிமைக்கு உட்பட்டது, அதனால்தான் எமுலேட்டரோடு வருவதில்லை. உங்கள் சொந்தப் பெட்டியிலிருந்து எடுப்பதே முறையான வழி. நம்பகமான வழியும் அதுவே. இணையத்தில் சுற்றும் பயாஸ் தொகுப்புகளில் பாதி வெட்டுப்பட்ட கோப்பு எது, பெயர் மாற்றிய கோப்பு எது என்று யாராலும் உறுதி சொல்ல முடியாது.

எடுப்பதற்குப் பெட்டியில் நம் நிரலை ஓடவைக்க ஒரு வாசல் வேண்டும். ஃப்ரீ எம்சிபூட் போட்ட மெமரி கார்டு இதற்குப் பழகிய வழி. எஸ்சிபிஹெச்-90000 மாடல் வரிசையின் பிந்தைய பெட்டிகளில் அது வேலை செய்யாது. அங்கே ஓப்பன்டூனா உதவும். மெமரி கார்டே இல்லையென்றால், 2020-ல் வந்த ஃப்ரீடிவிடிபூட்டை ஒரு வெற்று டிவிடியில் எழுதிப் போட்டுப் பார்க்கலாம். அது பெட்டியின் டிவிடி பிளேயர் பதிப்பைப் பொறுத்தது, ஸ்லிம் வகைகளில்தான் அதிகம் கைகொடுக்கும். பிறகு பயாஸ்ட்ரெய்ன் என்ற சிறு நிரலை ஃபேட்32 ஆக ஃபார்மேட் செய்த யுஎஸ்பி டிரைவில் வைத்து, யுலாஞ்ச்எல்ஃப் என்ற கோப்பு உலாவி மூலம் ஓட்டினால், பயாஸ் கோப்புகள் அந்த டிரைவில் வந்து உட்காரும். அந்தப் பெட்டியின் யுஎஸ்பி மிக மெதுவானது. ஆனால் பிரதான பயாஸ் கோப்பு 4 எம்பிதான், பொறுத்துக்கொள்ளலாம். வந்த கோப்புகளில் எதையும் விடாமல், ஒரே பெயரோடு, எமுலேட்டரின் பயாஸ் ஃபோல்டரில் போடுங்கள்.

டிஸ்க்குக்கு சிறப்புக் கருவி எதுவும் வேண்டாம். கணினியின் சாதாரண டிவிடி டிரைவே பிளேஸ்டேஷன் 2 டிஸ்க்கைப் படிக்கும். அடிப்பக்கம் வெள்ளியாக இருந்தால் அது டிவிடி. இம்ஜ்பர்ன் மென்பொருளில் டிஸ்க்கிலிருந்து இமேஜ் எடுக்கும் வசதியைத் தேர்ந்தெடுத்தால் ஐஎஸ்ஓ கிடைக்கும். அடிப்பக்கம் நீலமாக இருந்தால் அது சிடி. அதற்கு 'பின்' (.bin), 'க்யூ' (.cue) என இரண்டு கோப்புகள் வரும். பிசிஎஸ்எக்ஸ்2-வுக்கு அவற்றில் 'பின்' கோப்பைத்தான் காட்ட வேண்டும். கீறல் விழுந்த டிஸ்க் என்றால் படிக்கும் வேகத்தைக் குறைத்து இரண்டு முறை எடுத்து, இரண்டின் ஹாஷும் (கோப்பின் கைரேகை போன்ற எண்) ஒத்துப்போகிறதா என்று பாருங்கள்.

எமுலேட்டரின் கேம் பட்டியலில் பெயர் மேல் வலது சொடுக்கி ப்ராப்பர்ட்டீஸ் திறந்தால், சம்மரி பக்கத்தில் வெரிஃபை என்று ஒரு பொத்தான் இருக்கிறது. உங்கள் கோப்பின் ஹாஷை, நல்ல பிரதிகளின் தரவுத்தளத்தோடு ஒப்பிட்டுச் சொல்லும். ஒரு கேம் ஒரே இடத்தில் திரும்பத் திரும்ப உறைந்தால், எந்த செட்டிங்கையும் தொடுவதற்கு முன் இந்தப் பொத்தானை அழுத்துங்கள். பிரதியே பழுதென்றால் தலைகீழாக நின்றாலும் செட்டிங் அதைச் சரிசெய்யாது.

ஜிப், 7இசட் கோப்புகளை எமுலேட்டர் நேரடியாகத் திறக்காது. இடம் மிச்சமாக வேண்டுமென்றால் சிஹெச்டி என்ற சுருக்கிய டிஸ்க் வடிவத்துக்கு மாற்றுங்கள். மாமே எமுலேட்டரோடு வரும் சிஹெச்டிமேன் கருவியில் டிவிடி ஐஎஸ்ஓவுக்கு கிரியேட்டிவிடி கட்டளை, சிடிக்கு கிரியேட்சிடி கட்டளை. பிந்தையதற்குக் க்யூ கோப்பைக் கொடுக்க வேண்டும். தரம் துளியும் குறையாது. டிஸ்க்கை நிரப்புவதற்காக வெற்றுத் தரவு திணித்திருந்த கேம்கள் ஆச்சரியப்படும் அளவுக்குச் சுருங்கும்.

<b>திரையில் ஓடும் எண்கள்</b>

முதலில் கேம் இல்லாமல் பயாஸை மட்டும் துவக்குங்கள். மொழி, நேரம் அமைக்கும் திரை வந்தால் பயாஸ் சரி. சில கேம்கள் மொழியை இங்கிருந்துதான் எடுக்கும். அதன்பின் செட்டிங் எதையும் மாற்றாமல் ஒரு கேமைத் துவக்குங்கள். இப்போது மாற்ற வேண்டியது ஒன்றே ஒன்று: செட்டிங்கில் ஆன் ஸ்க்ரீன் டிஸ்ப்ளே பகுதிக்குப் போய் வேகம், எஃப்பிஎஸ் (வினாடிக்கு எத்தனை படம்), சிபியு பயன்பாடு, ஜிபியு பயன்பாடு ஆகியவற்றை டிக் செய்யுங்கள்.

மூலையில் சில வரிகள் தோன்றும். ஸ்பீட் என்பது 100 சதவீதத்தில் நின்றால் கேம் சரியான வேகத்தில் ஓடுகிறது, அவ்வளவுதான். எஃப்பிஎஸ் 30 என்று காட்டினாலும் கவலை வேண்டாம். அந்த கேம் அப்படி எழுதப்பட்டது. முழு ஃப்ரேம் வேகத்துக்கு எழுதிய கேம்களில் ஐரோப்பியப் பதிப்புகள் பொதுவாக 50 என்று காட்டும், அமெரிக்க, ஜப்பானியப் பதிப்புகள் 59.94-ஐ ஒட்டி நிற்கும். ஐம்பதைப் பார்த்து, கேம் மெதுவாக ஓடுகிறது என்று செட்டிங்கைத் தோண்ட ஆரம்பிப்பவர்கள் நிறைய.

ஸ்பீட் 100-க்குக் கீழே விழும்போதுதான் மற்ற வரிகளைப் பார்க்க வேண்டும். இஇ (எமோஷன் எஞ்சின்) என்ற வரி 100-ஐ நெருங்கினால் செயலியின் ஒரு கோர் நிரம்பிவிட்டது. இந்த நிலையில் ரெசல்யூஷனை எவ்வளவு குறைத்தாலும் பயன் ஒன்றும் இருக்காது. லேப்டாப்பைச் சார்ஜரில் செருகி, பவர் மோடை உயர் செயல்திறனுக்கு மாற்றுங்கள். பல கேஸ்கள் இதிலேயே தீரும். எம்டிவியு என்ற செட்டிங் இயங்குகிறதா என்று உறுதி செய்யுங்கள், அது ஒரு வெக்டர் யூனிட்டைத் தனி த்ரெட்டுக்கு மாற்றிவிடும். அப்படியும் முடியாவிட்டால்தான் இஇ சைக்கிள் ரேட்டை, அதாவது எமுலேட்டர் காட்டும் எமோஷன் எஞ்சினின் வேகத்தை, ஒரு படி குறைக்க வேண்டும். சைக்கிள் ஸ்கிப்பைத் தொடாதீர்கள்: ஸ்பீட் 100 என்று காட்டும், கேம் மட்டும் நொண்டும்.

ஜிபியு வரி நிரம்பியிருந்தால் அது கிராபிக்ஸ் கார்டின் பாரம். இன்டர்னல் ரெசல்யூஷனை ஒரு படி இறக்குங்கள். 2 மடங்கு என்பது ஏறத்தாழ 720, 3 மடங்கு 1080, 6 மடங்கு 4கே. 1080 திரையில் 6 மடங்கு வைப்பது பெரும்பாலும் வீண். பிளெண்டிங் அக்யூரசி (நிறக்கலப்பின் துல்லியம்) யாரோ சொன்னார்கள் என்று மேக்ஸிமத்தில் இருந்தால் பேசிக்குக் கொண்டுவாருங்கள்.

ஜிஎஸ் (கிராபிக்ஸ் சிந்தசைசர்) வரி மட்டும் நிரம்பினால், படம் வரையும் முறையான ரெண்டரரை மாற்றிப் பாருங்கள், வல்கனுக்கும் டைரக்ட்3டி 11-க்கும் டிரைவரைப் பொறுத்து நல்ல வித்தியாசம் இருக்கும். எந்த வரியும் நிரம்பாமல் வேகம் மட்டும் குறைகிறது என்றால் வெளியே ஏதோ கட்டிப்போடுகிறது: கிராபிக்ஸ் டிரைவரில் வைத்த எஃப்பிஎஸ் வரம்பு, மின்சேமிப்பு, அல்லது இரண்டு ஜிபியு உள்ள லேப்டாப்பில் எமுலேட்டர் சின்ன ஜிபியுவைப் பிடித்துக்கொண்டது. கடைசியதற்கு கிராபிக்ஸ் செட்டிங்கில் அடாப்டர் என்ற இடத்தில் பெரிய ஜிபியுவைத் தேர்ந்தெடுங்கள்.

ஒலி கரகரப்பதற்கும் ஒலி செட்டிங்குக்கும் பெரும்பாலும் தொடர்பில்லை. வேகம் 100-க்குக் கீழே போனதால் ஒலிக்குத் தரவு போதவில்லை. வேகத்தைச் சரிசெய்தால் கரகரப்பு தானாகப் போகும்.

எதிர்ப்பக்கமும் உண்டு. ஷேடோ ஆஃப் த கொலாசஸ் போன்ற கேம்கள் அசல் பெட்டியிலேயே தடுமாறின. எமுலேட்டர் அந்தத் தடுமாற்றத்தையும் விசுவாசமாகக் காட்டும். உங்கள் செயலியில் பலம் மிச்சமிருந்தால், அந்த கேமுக்கு மட்டும் இஇ சைக்கிள் ரேட்டை 130 சதவீதத்துக்கு ஏற்றினால் அசலைவிடச் சீராக ஓடும்.

'அந்த கேமுக்கு மட்டும்' என்பது முக்கியம். எந்த மாற்றமானாலும் கேமின் ப்ராப்பர்ட்டீஸ் வழியாகச் செய்யுங்கள். பொதுவான செட்டிங்கில் செய்தால், இந்த கேமுக்கு மருந்தானது அடுத்த கேமுக்கு நோயாகும்.

<b>படத்தில் கோடுகள், நிழல்கள், ஆட்டம்</b>

அசல் ரெசல்யூஷனைத் தாண்டிப் பெரிதாக்கும்போது சில கேம்களில் செங்குத்துக் கோடுகள் தெரியும், அல்லது ஒளி வட்டங்கள் தம் இடத்திலிருந்து விலகி இரட்டையாகத் தெரியும். எஃப்9 அழுத்திப் பாருங்கள். சாஃப்ட்வேர் ரெண்டரருக்கு மாறும். அங்கே கோளாறு மறைந்தால் பிரதி நன்றாக இருக்கிறது, பெரிதாக்குவதில்தான் சிக்கல். மீண்டும் எஃப்9 அழுத்தினால் பழையபடி வந்துவிடும்.

இங்கே ஒரு பொறி இருக்கிறது. எமுலேட்டருக்குள் ஒவ்வொரு கேமின் சீரியல் எண்ணுக்கும் தேவையான திருத்தங்கள் ஏற்கெனவே பதிவாகியிருக்கின்றன. அவை தாமாகவே அமலாகும். நீங்கள் மேனுவல் ஹார்ட்வேர் ரெண்டரர் ஃபிக்ஸஸ் என்ற பெட்டியை டிக் செய்த கணமே அந்தத் தானியங்கித் திருத்தங்கள் அணைந்துவிடும். ஒரு கோட்டை மறைக்கப் போய் நான்கு கோளாறு முளைப்பது இதனால்தான். அதை டிக் செய்தே ஆகவேண்டும் என்றால் ஹாஃப் பிக்ஸல் ஆஃப்செட்டில் தொடங்கி, ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றுங்கள்.

படம் மேலும் கீழும் நடுங்கினால் அது இன்டர்லேஸிங், அதாவது படத்தின் ஒற்றை, இரட்டை வரிகளை மாறி மாறிக் காட்டும் பழைய முறை. அந்த கேமுக்கு நோ இன்டர்லேஸிங் பேட்ச் (கேமின் நிரலைத் திருத்தும் ஒட்டு) இருக்கிறதா என்று பாருங்கள். அகலத்திரையும் அப்படியே: வைட்ஸ்க்ரீன் பேட்ச் இல்லாமல் 16:9 என்று மட்டும் வைத்தால் ஆட்கள் எல்லாரும் குண்டாகத் தெரிவார்கள்.

<b>கன்ட்ரோலர், சேமிப்பு</b>

கன்ட்ரோலரை எமுலேட்டர் திறப்பதற்கு முன்பே செருகி, முதல் போர்ட்டில் ஆட்டோமேட்டிக் மேப்பிங் அழுத்தினால் வேலை முடிந்தது. ஒரே அழுத்தலுக்கு மெனு இரண்டு முறை நகர்ந்தால், ஒரே கன்ட்ரோலர் எஸ்டிஎல், எக்ஸ்இன்புட் என இரு வழியாகவும் உள்ளே வருகிறது, எக்ஸ்இன்புட்டை அணையுங்கள். பின்னணியில் ஸ்டீம் ஓடினாலும் இதே குழப்பம் வரும்.

டுயல்ஷாக் 2-வின் பொத்தான்கள் எவ்வளவு அழுத்தமாக அழுத்துகிறோம் என்பதையும் உணர்ந்தவை. மெட்டல் கியர் சாலிட் 2-ல் குறிவைத்த துப்பாக்கியைச் சுடாமல் இறக்க, சதுரப் பொத்தானை மெல்ல விடவேண்டும். இன்றைய கன்ட்ரோலர்களில் இந்த உணர்வு இல்லை. அதற்காகவே ப்ரெஷர் மாடிஃபையர் என்ற இணைப்பு இருக்கிறது. பயன்படாத ஒரு பொத்தானுக்கு அதைக் கொடுங்கள், அதைப் பிடித்துக்கொண்டு அழுத்தினால் அரை அழுத்தமாகக் கணக்காகும்.

எஃப்1 நிலையைச் சேமிக்கும், எஃப்3 மீட்கும். வசதிதான், ஆனால் இந்தச் சேவ் ஸ்டேட்கள் எமுலேட்டர் பதிப்பு மாறினால் திறக்காமல் போகலாம். பழுதான நிலையில் சேமித்தால் பழுதும் சேர்ந்தே சேமிக்கப்படும். நீண்ட கேம்களில் கேமுக்குள்ளேயே இருக்கும் மெமரி கார்டு சேமிப்பைத்தான் நம்ப வேண்டும். புதுப் பதிப்புக்கு மாறும் முன் கேமுக்குள் ஒரு முறை சேமித்துவிட்டு, மெம்கார்ட்ஸ் ஃபோல்டரை வேறொரு டிரைவில் நகலெடுத்து வையுங்கள். வேறு கணினிக்குப் போகும்போது அதோடு பயாஸ், இனிஸ், கேம்செட்டிங்ஸ் ஃபோல்டர்களையும் எடுத்துச் சென்றால், ஒவ்வொரு கேமுக்கும் செய்த மாற்றங்கள் அப்படியே கூட வரும்.