காத்மாண்டு போனா முதல்ல நாராயண்ஹிட்டி அரண்மனைக்குப் போங்க

காத்மாண்டுல இருந்து வந்து பையில இருக்குற துணிய கூட இன்னும் எடுக்கல, அதுக்குள்ள எழுத உக்காந்துட்டேன். நேபாளம் போற நம்மாளுங்க முக்காவாசிப் பேரு பசுபதிநாத், முக்திநாத், போக்ரான்னு ஓடுறாங்க, நடு ஊர்ல இருக்குற நாராயண்ஹிட்டி அரண்மனைய கேட்டுக்கு வெளிய நின்னு போட்டோ எடுத்துட்டுப் போயிடுறாங்க. எனக்கு இந்த ட்ரிப்ல மனச விட்டுப் போகாத இடமே அதுதான். ரூட், செலவு கேட்டவங்களுக்கு நடுநடுவுல அதையும் சொல்றேன்.

கோரக்பூர் வரைக்கும் ரயில், அங்கேருந்து சுனௌலி பார்டர், வோட்டர் ஐடி போதும். அதுக்கப்புறம்தான் கொடுமை. ஏசி டீலக்ஸ்னு சொல்லி டிக்கெட் வித்தான், ஏறினா ஏசியும் இல்ல, சீட்டு சாயவும் இல்ல, என் பக்கத்து ஜன்னல் மூடவே மாட்டேங்குது, ராத்திரி பூரா மூஞ்சில தூசி. நாராயண்காட் – முக்லிங் ரோட்லதான் 2024 ஜூலைல மண்சரிவுல ரெண்டு பஸ் அப்படியே திரிசூலி ஆத்துக்குள்ள போச்சு, அது தெரிஞ்சிட்டு அந்த வளைவுல எப்படித் தூக்கம் வரும்? ரூம் வாடகை மிச்சம்னு நைட் பஸ் எடுக்காதீங்க, பகல்லயே போங்க.

பஸ் ஸ்டாண்டுல டாக்சிக்காரர் ஓட்டலெல்லாம் இருக்குற தமேல் ஏரியாவுக்கு அறுநூறுன்னார், சரின்னு ஏறினேன், இறங்கும்போது ‘அறுநூறு ஐசி’ங்கிறார். ஐசின்னா நம்ம ரூபா, என்சின்னா நேபாள ரூபா, நம்ம 100 அங்க 160. ஒரே வார்த்தைல 360 நேபாளி கூட கேக்குறார். ரோட்லயே நின்னு சண்டை போட்டு என்சிலதான் கொடுத்தேன். ஏறும்போதே ஐசியா என்சியான்னு கேட்டுக்கோங்க, இதுல வெக்கப்படவே வேணாம்.

இப்ப அரண்மனை. போன், கேமரா, பை எல்லாம் லாக்கர்ல வெச்சிட்டுத்தான் உள்ள விடுவாங்க. இப்ப இருக்குற கட்டிடம் மகேந்திரா ராஜா காலத்துல, 1960கள்ல கட்டினது. வாசல் ஹால்ல பாடம் பண்ணின ரெண்டு புலி நிக்குது, ரூமுக்கெல்லாம் நேபாள மாவட்டங்களோட பேரு. ராஜா ரூம்னு நெனச்சிட்டுப் போனா பழைய சினிமால வர்ற பணக்கார வீட்டு சோபா, கார்பெட் மாதிரிதான் இருக்கு. அதுவரைக்கும் எல்லாரும் பேசிக்கிட்டே வர்றாங்க, பின்னால தோட்டத்துப் பக்கம் போனதும் பேச்சு நின்னுடுது.

அங்கதான் திரிபுவன் சதன்ங்கிற வீடு இருந்துச்சு. 2001 ஜூன் 1, வெள்ளிக்கிழமை, மாசத்துக்கு ஒருவாட்டி குடும்பமா சேர்ந்து சாப்பிடுற ராத்திரி. பட்டத்து இளவரசர் தீபேந்திரா துப்பாக்கியோட வந்து அப்பா பீரேந்திரா, அம்மா ஐஸ்வர்யா, தம்பி, தங்கச்சி, அத்தைங்கன்னு சுட்டுட்டு, கடைசில தன்னையே சுட்டுக்கிட்டார்னு விசாரணைக் குழு சொல்லுச்சு. அவரையும் சேர்த்து பத்து உயிர். கல்யாணப் பேச்சுல வந்த தகராறுன்னுதான் பரவலா சொல்றாங்க. அவர் கட்டிக்க ஆசைப்பட்டது, ஒரு காலத்துல பரம்பரையா பிரதமரா இருந்து நாட்டையே ஆண்ட ராணா வம்சத்துப் பொண்ணு, அம்மா வழியில குவாலியர் சிந்தியா குடும்பம். ஐஸ்வர்யாவுக்கு அதுல இஷ்டமில்லையாம், இத்தனைக்கும் அவங்களே ராணா வீட்டுல பொறந்தவங்க. இன்னும் கொடுமை என்னன்னா, சுட்டதா சொல்லப்படுற அதே தீபேந்திராவ, கோமால கிடக்கும்போதே ராஜான்னு அறிவிச்சாங்க, ஜூன் 4ல அவரும் போயிட்டார்.

ஆனா அந்த வீடே இப்ப இல்ல, இடிச்சிட்டாங்க! அஸ்திவாரமும், யார் யார் எங்க விழுந்தாங்கன்னு சின்னச் சின்ன போர்டும், சுவத்துல குண்டு பட்ட அடையாளமும்தான் மிச்சம். ஒரு நாட்டோட தலையெழுத்தையே மாத்துன சம்பவம், ஒரு வார விசாரணையோட முடிச்சிட்டு, நடந்த இடத்தையும் தரைமட்டமாக்கினா ஜனங்க எப்படி நம்புவாங்க? எனக்குப் பக்கத்துல நின்ன ஒரு பெரியவர் ‘தீபேந்திரா பண்ணலை’ன்னு இந்தில அடிச்சு சொல்றார். யார் பண்ணினதுன்னு நான் சொல்ல வரல, இடிச்சது பெரிய தப்பு, அவ்ளோதான்.

அப்புறம் பட்டத்துக்கு வந்தவர் சித்தப்பா ஞானேந்திரா. இவருக்கு அது ரெண்டாவது முடிசூட்டு. 1950 நவம்பர்ல தாத்தா திரிபுவன் ராஜா, ராணாக்களோட பிடியில இருந்து தப்பிக்க குடும்பத்தோட இந்தியத் தூதரகத்துக்குள்ள போயிட்டார், மூணு வயசுப் பேரன் இவர மட்டும் விட்டுட்டு. ராணா பிரதமர் அந்தக் குழந்தைய தூக்கி சிம்மாசனத்துல உக்கார வெச்சார். 2001ல வந்தப்ப மாவோயிஸ்ட் சண்டை ஏற்கனவே அஞ்சு வருஷமா ஓடிட்டிருந்துச்சு, அந்த நவம்பர்ல எமர்ஜென்சி போட்டு ராணுவத்த முழுசா இறக்கினாங்க, 2005ல ஞானேந்திரா எல்லா அதிகாரத்தையும் தானே எடுத்துக்கிட்டார், 2006ல ஜனங்க ரோட்டுக்கு வந்துட்டாங்க, 2008 மே 28ல மன்னராட்சியே ஒழிஞ்சுது. அந்தச் சண்டைல செத்தவங்க 13,000 பேருக்கு மேல, அவங்கள்ல எத்தனை பேரு அரண்மனைய கண்ணால பாத்திருப்பாங்க சொல்லுங்க.

ராணாக்கள் கதை இன்னும் மோசம். 1846ல ஹனுமான் தோகாங்கிற பழைய அரண்மனை பக்கத்துல கோட்ங்கிற இடத்துல ஒரே ராத்திரில பெரிய பெரிய தலைங்கள வெட்டிச் சாய்ச்சிட்டு ஜங் பகதூர் பிரதமரானார், 104 வருஷம் அந்தக் குடும்பம்தான் ஆட்சி. அப்புறம் அவங்க வீட்டுப் பிள்ளைங்களையே அம்மா யாருங்கறத வெச்சு ஏ, பி, சின்னு தரம் பிரிச்சாங்க. 1934ல சி ராணாக்கள வாரிசு வரிசைலேருந்தே தூக்கினாங்க. அப்படி ஒதுக்கப்பட்ட சி ராணாக்கள்ல சுவர்ண ஷம்ஷேரும் மகாபீர் ஷம்ஷேரும் கல்கத்தால கட்சி ஆரம்பிச்சு காசையும் போட்டாங்க, அந்தக் கட்சியும் சேர்ந்து உருவான நேபாளி காங்கிரஸ்தான் 1951ல ராணா ஆட்சிய முடிச்சுது. சொந்த வீட்டுப் பிள்ளைய மட்டம்னு சொன்னதுக்குக் கிடைச்ச பதில் இது, எனக்கு படிக்கப் படிக்க ஆத்திரமும் வந்துச்சு, திருப்தியாவும் இருந்துச்சு.

அன்னிக்கு மத்தியானம் பக்கத்துல இருக்குற படான்ல, தகாலி இனத்துக்காரங்க ஸ்டைல் சாப்பாடு. வெண்கலத் தட்டுல சூடா சோறு, கறுப்பு உளுந்துப் பருப்பு, நெய், மட்டன் குழம்பு, புளிக்க வெச்ச கீரைல பண்ணின குந்த்ருக், நாக்கு மரத்துப் போற திமுர்ங்கிற மிளகு போட்ட ஊறுகாய். சோறு, பருப்பு, காய் எத்தன வாட்டி கேட்டாலும் போடுறாங்க, கறி மட்டும் ஒரு தடவதான். ட்ரிப்லயே காசு கொடுத்ததுக்கு மனசு நெறஞ்சது இங்கதான், ராத்திரி சாப்பாட்டுச் செலவும் மிச்சம்.

சிங்க தர்பார் வெளிய இருந்துதான் பாக்க முடிஞ்சது. ராணா பிரதமர் சந்திர ஷம்ஷேர் கட்டினது, பின்னால அரசுத் தலைமைச் செயலகமாச்சு, 2025 செப்டம்பர் 9ல இளைஞர் போராட்டத்துல எரிஞ்சுது. சோஷியல் மீடியாவத் தடை பண்ணினது உடனடிக் காரணம், ஆனா அதுக்கு முன்னாலயே தலைவர்கள் வீட்டுப் பசங்களோட வெளிநாட்டு டூர், பிராண்ட் பை போட்டோவெல்லாம் சுத்திட்டிருந்துச்சு, வேலை தேடி வளைகுடாவுக்கும் மலேசியாவுக்கும் போற வீட்டுப் பசங்க அத பாத்துக் கொதிச்சுப் போயிருந்தாங்க. எரிச்சதும், அத்தனை உயிர் போனதும் தாங்க முடியாத விஷயம். ஆனா அந்தக் கோபம் நியாயமானது, அதுல எனக்கு சந்தேகமே இல்ல.

பக்தபூரையும் விட்டுடாதீங்க. இந்தப் பள்ளத்தாக்க ஆண்ட யக்ஷ மல்லர் 1482ல இறந்தப்புறம் வாரிசுங்க சொத்து பிரிச்சதுலதான் காத்மாண்டு, படான், பக்தபூர்னு மூணு ராஜ்யமாச்சு, ஒருத்தருக்கொருத்தர் போட்டி போட்டு கோயிலா கட்டினாங்க, ஒத்துமை இல்லாததால கோர்க்கா ராஜா பிருத்வி நாராயண் ஷா வந்து ஒவ்வொண்ணா புடிச்சிட்டார். மூணு ஊர் பழைய அரண்மனைச் சதுக்கத்துக்கும் தனித்தனி டிக்கெட், சார்க் நாட்டுக்காரங்களுக்குக் குறைச்சல்தான், ஐடிய கைல வெச்சுக்கோங்க.

நாராயண்ஹிட்டிக்கு அரை நாள் வைங்க. எங்க ஓட்டல்ல சொன்ன வேன் பேக்கேஜ்ல அதுக்கு முக்கா மணி நேரம்தான், தோட்டத்துப் பக்கம் கிடையாதுன்னுட்டாங்க. அதுக்குக் காசு கொடுக்காதீங்க, தமேல்ல இருந்து நடந்தே போயிடலாம்.