காதில் விழும் பேஸ்பால்

ஒஹாயோவுக்குக் குடிவந்த இரண்டாம் ஆண்டில், பேஸ்பால் ஒருவழியாகப் பிடிபடத் தொடங்கிய உற்சாகத்தில், ஆட்டங்களை நேரலையாகப் பார்க்க உதவும் காணொளிச் சந்தா ஒன்றை விதிமுறைகளைப் படிக்காமலேயே வாங்கிவிட்டேன். அன்று மாலை கிளீவ்லாந்து கார்டியன்ஸ் அணிக்கு ஆட்டம் இருந்தது. மடிக்கணினியைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தால், இந்த ஆட்டம் உங்கள் பகுதியில் கிடைக்காது என்று ஒரே ஒரு வரி கறுப்புத் திரையில் வந்து நின்றது. ஊர்பேர் தெரியாத அணிகளின் ஆட்டமெல்லாம் தெளிவாக ஓடியது. நான் பார்க்க ஆசைப்பட்ட அணி மட்டும் வரவில்லை. அந்த எரிச்சலில், சமையலறை அலமாரியின் மேல் தூசி படிந்து கிடந்த டிரான்சிஸ்டரை எடுத்து, முள்ளை மெல்ல ஏஎம் அலைவரிசையில் 1100க்குத் திருப்பினேன். கரகரப்புக்கு நடுவிலிருந்து கார்டியன்ஸ் வர்ணனையாளர் டாம் ஹாமில்டனின் குரல் எழுந்து வந்தது. ஆட்டம் மூன்றாவது இன்னிங்ஸில் இருந்தது; ஒரு காசு செலவில்லாமல் கடைசிப் பந்துவரை கேட்டேன்.

இப்படி ஏமாந்தவன் நான் ஒருவன் மட்டும் அல்லன் என்பது பிறகு தெரிந்தது. பேஸ்பாலின் தலையாய போட்டித்தொடரான மேஜர் லீகில் ஒவ்வோர் அணிக்கும் அதன் சொந்தத் தொலைக்காட்சி எல்லை என்று ஒன்று வகுக்கப்பட்டிருக்கிறது. அந்த எல்லைக்குள் ஒளிபரப்பும் உரிமையை உள்ளூர்த் தொலைக்காட்சி விலை கொடுத்து வாங்கியிருப்பதால், நாடு முழுவதற்குமான இணையச் சந்தா அதற்குள் முடக்கப்படுகிறது. சொந்தமாக ஒரு மேஜர் லீக் அணிகூட இல்லாத அயோவா மாநிலத்தை, சிகாகோவின் இரண்டு அணிகள், செயின்ட் லூயிஸ், மில்வாக்கி, மின்னசோட்டா, கான்சஸ் சிட்டி ஆகிய ஆறு அணிகளும் பல ஆண்டுகளாகத் தங்கள் எல்லை என்றே சொல்லிவந்ததால், அங்கிருந்தவர்களுக்கு ஒரே இரவில் ஆறு அணிகளின் ஆட்டமும் இருண்டுபோகும். அண்மைக் காலத்தில் சில அணிகள் உள்ளூர்க்காரர்களுக்கென்றே தனிச் சந்தா தரத் தொடங்கியிருக்கின்றன என்றாலும் குழப்பம் இன்னும் தீர்ந்தபாடில்லை. ஆனால் பலருக்கும் தெரியாத செய்தி ஒன்று உண்டு: இந்தத் தடை காணொளிக்குத்தான், வானொலி வர்ணனைக்கு இல்லை. லீகின் எம்எல்பி செயலியில் ஒலிக்கு மட்டும் சந்தா கட்டினால், உங்கள் ஊர் அணி உட்பட 30 அணிகளின் ஆட்டங்களையும் எங்கிருந்தும் கேட்கலாம்.

நான் கடைசியாகக் கட்டியபோது அந்த ஒலிச் சந்தா ஆண்டுக்கு 30 டாலருக்குச் சற்றே குறைவாக இருந்தது. முழுக் காணொளிச் சந்தா அதைப்போல் ஏறத்தாழ ஐந்து மடங்கு. ஓர் அணி ஒரு பருவத்தில் 162 ஆட்டங்கள் ஆடுகிறது என்பதை வைத்துக் கணக்குப் பார்த்தால் ஓர் ஆட்டத்துக்கு இருபது சென்ட்கூட ஆவதில்லை. அதைவிட எனக்குப் பிடித்தது, உள்ளூர் அணியின் வர்ணனை, வந்த அணியின் வர்ணனை என்று இரண்டில் எதை வேண்டுமானாலும் தேர்ந்தெடுக்கலாம் என்பதுதான். பல அணிகளுக்கு ஸ்பானிய வர்ணனையும் கிடைக்கிறது. கிரிக்கெட் சிக்ஸரைப் போன்ற ஹோம் ரன் ஒன்றை இரண்டு பக்கமும் மாற்றி மாற்றிக் கேட்டுப் பாருங்கள். ஒரு பக்கம் கல்யாண வீடாகவும் மறுபக்கம் இழவு வீடாகவும் இருக்கும்.

செயலியின் குறை தாமதம். மட்டையில் பந்து பட்டு அரை நிமிடம், சில வேளைகளில் அதற்கும் மேல், கழித்துத்தான் அந்தச் சத்தம் நம் காதுக்கு வருகிறது. தனியாக உட்கார்ந்து கேட்பவருக்கு இதனால் ஒன்றும் குடிமுழுகிப் போவதில்லை. ஆனால் அதே தொலைபேசியில் ஸ்கோர் அறிவிப்புகளையும் முடுக்கி வைத்திருந்தால், வர்ணனையாளர் மூச்சைப் பிடித்துக்கொண்டு மூன்றாவது பந்தைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே, அதற்குப் பிறகு நடந்தது திரையில் துள்ளி விழுந்துவிடும். அறிவிப்புகளை அணைத்துவிடுங்கள். நண்பர்களின் வாட்ஸாப் குழுவையும் சேர்த்து அணைப்பது நல்லது.

காசு கொடுக்காமல், ஆட்டத்தை ஒலிபரப்பும் வானொலி நிலையத்தின் இணையப் பக்கத்திலேயே கேட்டுவிடலாமே என்ற எண்ணம் எல்லோருக்கும் வரும், எனக்கும் வந்தது. ஆட்டம் தொடங்கும் நிமிடம்வரை முன்னோட்டப் பேச்சு எல்லாம் ஒழுங்காக வரும், முதல் பந்து வீசப்படும் நேரத்தில் சம்பந்தமே இல்லாத ஏதோ அரட்டை நிகழ்ச்சி ஓடத் தொடங்கிவிடும். அலைவரிசையில் ஒலிபரப்பும் உரிமை நிலையத்திடம் இருந்தாலும் இணைய உரிமை லீகிடம் இருப்பதுதான் காரணம். சில நிலையங்கள் தங்கள் உள்ளூர் எல்லைக்குள் இருப்பவர்களுக்கு மட்டும் இணையத்திலும் தருகின்றன. காரில் நெடுந்தூரம் போகிறவர்களுக்குச் சிரியஸ்எக்ஸ்எம் செயற்கைக்கோள் வானொலி வசதியானது; ஊர்விட்டு ஊர் போனாலும் நிலையம் கைவிட்டுப் போகாது. வீட்டிலேயே கிடப்பவனுக்கு அது வீண்செலவு என்பது என் கட்சி.

என் மனம் போய் நிற்பது ஏஎம்மில்தான். பகலில் வானில் உயரே உள்ள அயனி மண்டலத்தின் அடிப்பகுதி, ஏஎம் பயன்படுத்தும் மத்திய அலைகளை உறிஞ்சிவிடுகிறது. பொழுது சாய்ந்ததும் அந்த அடுக்கு கரைந்துபோக, மேலே உள்ள அடுக்கு அலைகளை மறுபடியும் தரைக்குத் திருப்பி அனுப்புகிறது. பகலில் நூறு மைலைத் தாண்டத் திணறும் நிலையம் இரவில் பல நூறு மைல் தாண்டி வந்து விழுகிறது. அமெரிக்காவில் 50,000 வாட் வலிமையுள்ள பழைய பெரு நிலையங்கள் பலவும் பேஸ்பாலோடு சேர்த்தே வளர்ந்தவை. ஒஹாயோவின் நடுப்பகுதியில் இருக்கும் எனக்கு 1100இல் கிளீவ்லாந்தும் 700இல் சின்சினாட்டியும் பக்கத்து வீட்டுக்காரர்கள். வானம் ஒத்துழைக்கும் இரவுகளில் 660இல் நியூயார்க் யாங்கீஸ், 670இல் சிகாகோ கப்ஸ், 1120இல் செயின்ட் லூயிஸ் கார்டினல்ஸ் என்று முள் நகர நகர ஊர்கள் மாறும்.

இதற்குப் பெரிய கருவி எதுவும் வேண்டாம். ஏஎம் வானொலிப் பெட்டிக்குள் கறுப்பு நிறத்தில் ஒரு ஃபெரைட் குச்சி படுத்திருக்கும், அதன்மேல் மெல்லிய செம்புக் கம்பி சுற்றியிருக்கும், அதுதான் ஆன்டெனா. மேலே இழுத்து நீட்டும் கம்பி எஃப்எம்முக்கு உரியது, ஏஎம்முக்கு அதை இழுத்துப் பயனில்லை. குச்சியின் பக்கவாட்டு நிலையத்தை நோக்கினால் ஒலி பெருகும், முனை நோக்கினால் தேயும். ஆகவே பெட்டியை மேசையில் வைத்து ஆட்டுக்கல் குழவியைப்போல மெதுவாகச் சுழற்ற வேண்டும். நிலையம் தெளிவாகும் இடத்தைவிட இரைச்சல் குறையும் இடத்தைத் தேடுவதே நல்ல பழக்கம். என் வீட்டில் ஒரு வாரம் முழுக்க 700ஐக் கெடுத்துக்கொண்டிருந்த இரைச்சலுக்குக் காரணம், கடைசியில் பார்த்தால், பெட்டிக்கு ஓரடி தள்ளிச் சுவரில் செருகியிருந்த தொலைபேசி சார்ஜர். அதைப் பிடுங்கியதும் சின்சினாட்டி ஆட்டக்களம் அப்படியே அறைக்குள் வந்துவிட்டது. சில எல்இடி விளக்குகளும் இதே வேலையைச் செய்யும்.

மேஜர் லீக் ஆட்டம் முதன்முதலில் வானொலியில் வந்தது 1921 ஆகஸ்ட் 5 அன்று. பிட்ஸ்பர்கின் கேடிகேஏ நிலையத்தில் ஹெரால்டு ஆர்லின் வர்ணிக்க, பைரேட்ஸ் அணி பிலடெல்பியாவை 8-5 என்று வென்றது. ஆனால் அணி முதலாளிகள் இதை வரவேற்றுவிடவில்லை. வீட்டிலேயே ஓசியில் கேட்டுவிட்டால் நுழைவுச்சீட்டை யார் வாங்குவார்கள் என்ற அச்சத்தில், நியூயார்க்கின் மூன்று அணிகளும் 1938 வரை சேர்ந்து வானொலியை ஒதுக்கியே வைத்திருந்தன. சின்சினாட்டியில் நிலைமை நேர்மாறாக இருந்தது. வானொலிப் பெட்டி தயாரித்துவந்த பவல் கிராஸ்லி டபிள்யூஎல்டபிள்யூ நிலையத்துக்கும் முதலாளி, 1934 முதல் ரெட்ஸ் அணிக்கும் முதலாளி. அதே ஆண்டில் அந்த நிலையம் 5,00,000 வாட்டில் முழங்கத் தொடங்கியது. அக்கம்பக்கத்து வேலிக்கம்பிகளும் மழைநீர்க் குழாய்களும்கூடப் பேசின என்று சொல்வார்கள். அந்த அணிக்கு வர்ணனையாளராக வந்த இளைஞர்தான் ரெட் பார்பர். 1939இல் நியூயார்க் அணிகளின் அந்தத் தடையை முதலில் உடைத்தது அவற்றுள் ஒன்றான புரூக்ளின் டாட்ஜர்ஸ், அதற்காக அது அழைத்துக்கொண்டதும் இவரைத்தான்.

பார்பர் தம் மேசையில் மூன்று நிமிட மணல் கடிகாரம் ஒன்றை வைத்திருந்தார். முட்டை வேகவைக்கப் பயன்படும் அந்தச் சிறு பொருளில் மணல் தீர்ந்து அதைக் கவிழ்க்கும் ஒவ்வொரு முறையும் ஸ்கோரைச் சொல்லிவிட வேண்டும் என்பது அவர் தமக்கே விதித்துக்கொண்ட ஒழுங்கு. அப்போதுதான் பெட்டியைத் திருப்பியவருக்குக் கண் கிடையாது. யார் முன்னணியில், எந்த இன்னிங்ஸ், எந்த பேஸில் (ஓடுபவர் தொட்டு நிற்கும் இடம்) ஆள் என்று யாராவது சொன்னால்தான் உண்டு. தொலைக்காட்சியில் பேசுகிறவருக்கு இந்தக் கவலை இல்லை என்பதால் அவருடைய பேச்சு வானொலிக்கு ஆகாது. 2021ஆம் ஆண்டுப் பருவத்தில் டொராண்டோ புளூ ஜேஸ் ஆட்டங்களுக்குத் தனி வானொலி வர்ணனையை நிறுத்திவிட்டுத் தொலைக்காட்சியின் பேச்சையே வானொலியிலும் ஓடவிட்டார்கள். பந்து எந்தப் பக்கம் போனது என்று படம் காட்டிக்கொண்டிருக்க, வர்ணனையாளர்கள் பேச்சை வேறு எங்கோ வளர்த்தால், கேட்பவரின் நிலைமை என்ன ஆகும்? அடுத்த ஆண்டே தனி வர்ணனை திரும்பிவிட்டது.

பார்க்காமலே வர்ணித்த கூத்தும் நடந்திருக்கிறது. 1930களில் அயோவாவின் டி மோயின் நகரில் டபிள்யூஎச்ஓ நிலையத்தில் இருந்த ரொனால்டு ரீகன், தந்தி வழியே வரும் சுருக்கக் குறிப்புகளை வைத்துக்கொண்டு, களத்திலேயே இருப்பதுபோல் கப்ஸ் ஆட்டங்களை வர்ணிப்பார். ஒருநாள் நடுவில் தந்தி அறுந்துபோக, இணைப்பு மீளும்வரை பேட்டரை ஃபவுல் (ஆட்டக் கோட்டுக்கு வெளியே போகும் அடி) மேல் ஃபவுலாக அடிக்கவிட்டே பல நிமிடங்களை ஓட்டியதாக, அதிபரான பிறகும் அவர் சிரித்துக்கொண்டே சொல்லிவந்தார்.

ஆட்டக்களத்துக்குள்ளேயே வானொலி கேட்பவர்களும் உண்டு. 1958இல் டாட்ஜர்ஸ் அணி லாஸ் ஏஞ்சலிஸுக்கு மாறியபோது, தொடக்க ஆண்டுகளில் அது ஆடிய கொலிசியம் அரங்கம் மிகப் பெரியது. பின்வரிசையில் இருந்தவருக்குப் பந்து தெரியாது. ஆகவே ஆயிரக்கணக்கானோர் டிரான்சிஸ்டரோடு வந்து, எதிரில் நடப்பதையே அணியின் வர்ணனையாளர் வின் ஸ்கல்லியின் குரலில் கேட்டார்கள். 1960இல் ஓர் ஆட்டத்தின்போது நடுவர் ஃபிராங்க் செகோரிக்குப் பிறந்தநாள் என்று அறிந்த ஸ்கல்லி, வானொலியிலேயே ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ண, அரங்கமே ஒரே குரலில் அவரை வாழ்த்தியது. செயலியின் அரை நிமிடத் தாமதத்தோடு இன்று இதை முயன்றால் ஆளுக்கொரு நேரத்தில் கத்துவார்கள். களத்துக்குள் கேட்பதாக இருந்தால் பழைய ஏஎம் பெட்டியைத்தான் எடுத்துப்போக வேண்டும். டிஜிட்டல் எச்டி வானொலிகூடச் சில நொடிகள் பின்தங்கிவிடும்.

1950 தொடங்கி 2016 வரை 67 பருவங்கள் பேசிய ஸ்கல்லிக்குப் பந்துக்கும் பந்துக்கும் நடுவில் கதை சொல்ல நேரம் இருந்தது. 2023இல், பந்து வீசுபவரான பிட்சர் அடுத்த பந்தை வீச நேர வரம்பு வைக்கும் கடிகாரம் வந்த பிறகு, ஒன்பது இன்னிங்ஸ் ஆட்டம் சராசரியாக மூன்று மணி நேரத்துக்கு மேல் இருந்தது 2 மணி 40 நிமிடமாகக் குறைந்துவிட்டது. தொலைக்காட்சிக்கு இது நல்லதாக இருக்கலாம். வானொலியில், தாத்தாவைப் பற்றிய கதை பாதியில் இருக்கும்போதே அடுத்த பந்து வந்துவிடுகிறது. நிதானமாகப் பேசும் குரல் வேண்டுவோர், மேஜர் லீகுக்கு வீரர்களைத் தயார்படுத்தும் மைனர் லீக் பக்கம் வரலாம். அங்கும் கடிகாரம் உண்டுதான், ஆனாலும் தனியாளாக உட்கார்ந்து ஒன்பது இன்னிங்ஸையும் சுமக்கும் இளம் வர்ணனையாளர்களிடம் அவசரமில்லாத ஒரு பிரியம் இருக்கிறது. அவற்றில் பெரும்பாலான அணிகளின் ஒலி இணையத்தில் இலவசம். கிளீவ்லாந்துக்காக மைனர் லீகின் மேல்மட்டமான டிரிபிள்-ஏயில் ஆடும் கொலம்பஸ் கிளிப்பர்ஸை நான் அப்படித்தான் கேட்கிறேன்.

கார்டியன்ஸ் மேற்குக் கரைக்குப் போகும் வாரங்களில் மட்டும் ஏஎம்மை விட்டுவிட்டுச் செயலிக்கு வந்துவிடுவேன். அங்கே இரவு ஏழு என்றால் இங்கே பத்து. தலையணைக்குப் பக்கத்தில் மெல்லிய ஒலியில் வைத்துக்கொண்டால் ஆறாவது இன்னிங்ஸுக்குள் கண் சொருகிவிடும். விட்ட இடத்திலிருந்து காலையில் கேட்க முழு ஒலிப்பதிவும் செயலியில் இருக்கும், ஆனால் அதைத் தேடிப் போனால் முகப்பிலேயே முடிவு கண்ணில் பட்டுவிடும். ஸ்கோரை மறைத்துவைக்கும் வசதி அமைப்புகளில் இருக்கிறது. படுப்பதற்கு முன்பே அதைப் போட்டுவிடுங்கள்.