காற்று எங்கிருந்து வருகிறது: உயர்தரப் புவியியலில் நான் விழுந்த இடமும் எழுந்த வழியும்

உயர்தரத்துக்குப் புவியியல் எடுத்த முதல் வருடம். தவணைப் பரீட்சையில் இலங்கையின் வெற்று வரைபடம் ஒன்றைத் தந்து, தென்மேற்குப் பருவக்காற்றின் திசையை அம்புக்குறியால் காட்டச் சொன்னார்கள். சின்ன வகுப்பிலிருந்தே காதில் விழுந்த பெயர் என்பதால் யோசிக்கவேயில்லை. திருகோணமலைப் பக்கம் தொடங்கி காலிப் பக்கம் முடிகிற மாதிரி ஓர் அம்பைப் போட்டேன். தென்மேற்குக் காற்று என்றால் தென்மேற்குக்குப் போகிற காற்று என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன். அடுத்து வந்த உபகேள்விகள் எல்லாம் அந்த அம்பை நம்பியே இருந்தன. மழை பெறும் பக்கம், மழைநிழல், கடல் கொந்தளிக்கும் கரை, எல்லாமே தலைகீழாகப் போயின. விடைத்தாளில் டீச்சர் சிவப்புப் பேனையால் ஒரே ஒரு சொல் எழுதியிருந்தார்: "எங்கிருந்து?"

இன்று நான் தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்துப் பிள்ளைகளுக்கு மாலையில் இந்தப் பாடத்தைச் சொல்லிக்கொடுக்கிறேன். அவர்களும் அதே இடத்தில்தான் வழுக்குகிறார்கள். அதனால் எனக்குப் பிடிபட்ட விதத்தை அப்படியே எழுதுகிறேன்.

காற்றுக்குப் பெயர் அது புறப்பட்ட இடத்தை வைத்துத்தான். தோட்டத்தில் ஒருவரைப் பதுளைக்காரர் என்றால் பதுளையிலிருந்து வந்தவர் என்றுதானே அர்த்தம்? பதுளைக்குப் போகிறவரை யாரும் அப்படிச் சொல்வதில்லை. நம் பழைய காற்றுப் பெயர்களும் இப்படித்தான்: வடக்கிலிருந்து வருவது வாடை, தெற்கிலிருந்து தென்றல், கிழக்கிலிருந்து கொண்டல், மேற்கிலிருந்து கோடை. கடற்காற்று கடலிலிருந்து வருவது, தரைக்காற்று தரையிலிருந்து வருவது. கடல் நீரோட்டத்துக்கு மட்டும் வழக்கம் மாறுகிறது. அதற்கு அது போகும் திசைதான் பெயர். தென்மேற்குப் பருவக்காற்று வீசும் மாதங்களில் இலங்கைக்குத் தெற்கே ஓடும் நீரோட்டத்தைக் கிழக்கு நோக்கிய நீரோட்டம் என்பார்கள். பல்தேர்வு வினாவில் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துவிட்டால் அவசரத்தில் கை தவறும்.

இந்த விதி மூளையில் தங்காமல் எனக்கு நழுவிக்கொண்டே இருந்தது. தங்கவைத்தது ஹற்றனில் இருந்த அத்தை. அத்தை தேயிலைக் கொழுந்து எடுக்கிறவர். ஜூன் மாதத்தில் மழை சாய்வாக அடிக்கும்போது, மலையில் நிற்கும் பெண்கள் எல்லோரும் ஒரே பக்கம் திரும்பி மழைக்கு முதுகைக் கொடுப்பார்கள். ஒருநாள் சோறு கொண்டுபோனபோது கீழே பாதையிலிருந்து அதைப் பார்த்தேன். இடுப்பில் படங்கு, முதுகில் கூடை, வரிசையாக அத்தனை பேரின் முதுகும் தென்மேற்குக்கு. நிழலுக்கு நட்ட சவுக்கு (சில்வர் ஓக்) மரங்களின் இலைகள் புரண்டு அடிப்பக்கத்து வெள்ளி தெரிந்தது. திரும்பி நின்று என் முகத்தைக் காற்றுக்குக் காட்டினேன். முகம் பார்க்கிற திசை எதுவோ அதுதான் காற்றின் பெயர். முதுகு பார்க்கிற திசை அது போகிற இடம். அன்றைக்குப் பிறகு வரைபடத்தில் அம்பு போடும் முன் மனதுக்குள் ஒருமுறை அந்த மலையில் நின்றுவிடுவேன்.

கருவிகளிலும் இதே கேள்விதான். காற்றுத்திசைகாட்டியின் கூர்முனை காற்று வரும் திசையைக் காட்டும். விமான நிலையத்தில் தொங்கும் காற்றுப்பையின் வால் காற்று போகும் திசையில் நீளும். வானிலைப் படத்தில் ஓர் இடத்தைக் குறிக்கும் வட்டத்திலிருந்து நீளும் கோடு, காற்று வரும் பக்கமாகவே நீளும். அதன் நுனியில் உள்ள கீற்றுகள் காற்றின் வேகத்தைச் சொல்லும்: முழுக்கீற்று ஒன்று 10 நொட் (மணிக்கு 10 கடல் மைல்), அரைக்கீற்று 5 நொட், முக்கோணக் கொடி 50 நொட்.

இனி மலைக்கு வருவோம், கரையைப் புரிந்துகொள்ள எனக்கு மலைதான் உதவியது. எங்கள் வீடு பண்டாரவளைப் பக்கம். நான் படித்தது அத்தை வீட்டில் தங்கி, ஹற்றனில். ஆகஸ்ட் விடுமுறைக்கு ரயில் ஏறும்போது ஹற்றனில் கம்பளிச் சட்டைக்குள்ளும் குளிர் ஏறும், ஜன்னலைத் திறக்க முடியாத தூறல். பட்டிப்பொலையைத் தாண்டிச் சுரங்கத்துக்குள் நுழைந்து ஒஹியாப் பக்கம் வெளியே வந்தால் பல நாட்களில் வெயில் அடிக்கும். பண்டாரவளையில் இறங்கும்போது புழுதி, உதடு வெடிக்கிற வறட்டுக் காற்று. இரண்டு ஊரிலும் அடிப்பது ஒரே தென்மேற்குக் காற்றுதான். ஹற்றனை அடுத்த வட்டவளை, கினிகத்தேனைப் பக்கத்துக்கு அது கடல் ஈரத்தோடு ஏறிவரும் காற்று, பண்டாரவளை இருக்கும் ஊவாவுக்கு மலையிலிருந்து இறங்கிவரும் காற்று. முதலாவது காற்றுமுகப் பக்கம், இரண்டாவது காற்றொதுக்குப் பக்கம். ஜூலை முதல் செப்டெம்பர் வரை ஊவாத் தேயிலைக்கு மணம் கூடுவதும் இந்த வறட்டுக் காற்றால்தான். மேற்குச் சரிவிலுள்ள டிம்புளைப் பக்கத்துக்கு அந்தப் பருவம் ஜனவரி முதல் மார்ச் வரை, அதாவது காற்று எதிர்ப்பக்கத்திலிருந்து வரும் காலம்.

இறங்கும் காற்று ஏன் சூடாகிறது என்று கேட்டால் பலர் "மலையைக் கடப்பதால்" என்று ஒரு வரியில் விட்டுவிடுவார்கள். கணக்குப் போட்டுக் காட்டுங்கள், புள்ளி தானாக வரும். பயிற்சிக்காக நான் வைத்துக்கொண்ட எண்கள் இவை. கடல்மட்டத்தில் காற்று 28 பாகை செல்சியஸ். நீராவி நிரம்பாத காற்று ஏறினால் 1,000 மீற்றருக்கு ஏறத்தாழ 10 பாகை குளிரும், எனவே 500 மீற்றரில் 23. அங்கே முகில் கட்டத் தொடங்குகிறது என்று வைப்போம். நீராவி ஒடுங்கும்போது மறைவெப்பம் வெளிப்படுவதால் அதன் பின் குளிர்வது மெதுவாகிறது, 1,000 மீற்றருக்கு சுமார் 6 பாகை. 2,000 மீற்றர் உச்சியில் 14. மழையை மேற்கிலேயே கொட்டிவிட்ட காற்று கிழக்கே 700 மீற்றருக்கு இறங்கும்போது மறுபடி 1,000 மீற்றருக்கு 10 பாகை வீதம் சூடாகி 27 ஆகிறது. மேற்குச் சரிவில் அதே 700 மீற்றரில் அது 21.8 தான். ஒரே உயரத்தில் 5 பாகைக்கு மேல் வித்தியாசம். ஃபோன் (Föhn) காற்று என்று பாடநூல் சொல்வதும், கிழக்கு மாகாணத்தில் கச்சான் காற்று என்று வியர்த்துக்கொண்டே சொல்வதும் இந்தச் சூட்டைத்தான்.

கரைநோக்கிய காற்று, கடல்நோக்கிய காற்று இரண்டையும் புத்தகத்தில் பலமுறை வாசித்தும் ஒட்டவில்லை. மலையில் பிறந்த பிள்ளைக்குக் கடல் ஒரு படம் மட்டும்தான். பதுளை – செங்கலடி வீதியால் ஒரு ஆகஸ்டில் குடும்பத்தோடு பாசிக்குடா போனோம். தண்ணீர் தட்டையாக, கண்ணாடி மாதிரி கிடந்தது. தம்பி காற்றடித்த பந்தைத் தட்டி விளையாடிக்கொண்டிருந்தான். அது அவன் கையைத் தாண்டி விழுந்தது, அப்படியே மிதந்து விலகத் தொடங்கியது. இடுப்பளவு தண்ணீரில் துரத்தினான். எட்டிப் பிடிக்கப் போகும் நேரமெல்லாம் பந்து இன்னும் ஒரு முழம் தள்ளிப்போனது. கரையில் வலை பிரித்துக்கொண்டிருந்த ஒருவர் எழுந்து நின்று கத்தினார். "கச்சான் காத்து மகன். போனா வராது, விடுங்க!" தம்பி திரும்பி வந்தான். கொஞ்ச நேரத்தில் பந்து ஒரு புள்ளியானது.

கரை அமைதியாக இருந்ததற்கும் பந்து போனதற்கும் காரணம் ஒன்றே. தரையிலிருந்து கடலுக்கு வீசும் காற்றுக்குக் கரையோரத்தில் அலை எழுப்ப இடம் போதாது, ஆனால் மிதக்கும் எதையும் அது ஆழத்துக்குத் தள்ளும். இதைப் படிக்கும் பிள்ளைகள் விடுமுறைக்குக் கிழக்குக் கரைக்குப் போனால் காற்றடித்த டியூப்பை நம்பி இறங்காதீர்கள். பரீட்சையை விட இது எனக்கு முக்கியம்.

கரைநோக்கியதா, கடல்நோக்கியதா என்பது காற்றின் பெயரில் இல்லை. கரை எந்தப் பக்கம் பார்த்திருக்கிறது என்பதையும் சேர்த்தால்தான் விடை கிடைக்கும். நான் பாகைமானியை வைத்துச் செய்த வழி இது. கரையில் நின்று கடலைப் பார்க்கிறபோது முகம் எத்தனை பாகையில் இருக்கிறது என்று எழுதுங்கள்: வடக்கு 0, கிழக்கு 90, தெற்கு 180, மேற்கு 270. காற்று வரும் திசையையும் பாகையில் எழுதுங்கள், தென்மேற்கு 225. இரண்டுக்கும் இடைப்பட்ட கோணம் 90க்குக் குறைவு என்றால் கரைநோக்கிய காற்று, அதிகம் என்றால் கடல்நோக்கிய காற்று, 90ஐ ஒட்டி வந்தால் கரையோடு ஓடும் காற்று. கொழும்பு மேற்கைப் பார்க்கிறது: 270, 225, இடைவெளி 45. கரைநோக்கிச் சாய்வாக வருகிறது, கடல் கொந்தளிக்கிறது. அறுகம்பை கிழக்கைப் பார்க்கிறது: 90, 225, இடைவெளி 135. கடல்நோக்கிப் போகிறது. தூரத்துத் தெற்குக் கடலில் எழுந்து வரும் பெரிய அலைகளின் முகத்தை அந்தக் காற்று எதிரே நின்று நிமிர்த்திவிடுவதால்தான் அலைச்சறுக்கு விளையாடுகிறவர்கள் அந்த மாதங்களில் அங்கே கூடுகிறார்கள். மேற்குக் கரை மீனவர்கள் சிலர் அதே மாதங்களில் கிழக்கே போய் வாடி (தற்காலிகக் குடிசை) அமைப்பதற்கும் இதுதான் காரணம்.

இன்னொரு குழப்பத்தையும் இங்கேயே தீர்த்துவிடுகிறேன். கடற்காற்று எப்போதும் கரைநோக்கியதுதான், ஆனால் கரைநோக்கி வரும் எல்லாக் காற்றும் கடற்காற்று ஆகாது. கடற்காற்றுக்குத் தேவை பகல் வெயில். நீரின் தன்வெப்பக் கொள்ளளவு அதிகம் என்பதால் கடல் மெதுவாகச் சூடாகும், தரை சீக்கிரம் சூடாகும், தரைக்கு மேல் அமுக்கம் குறையும், கடலிலிருந்து காற்று வரும். இரவில் தரை முந்திக் குளிர்வதால் அது திரும்பும். பருவக்காற்று ஓய்ந்த மார்ச், ஏப்ரலில் இது நன்றாகத் தெரியும். பருவக்காற்றோ இரவும் பகலும் மாதக்கணக்கில் வீசும். "கொழும்பில் ஜூன் நள்ளிரவில் கடலிலிருந்து காற்று வீசுகிறது, அது கடற்காற்றா?" என்று கேட்டால் இல்லை என்று எழுதக் காரணம் உங்களிடம் இருக்க வேண்டும்.

நம் மலைகளிலும் இதே நாடகம் சின்ன அளவில் நடக்கிறது. பகலில் சரிவு சூடாகிப் பள்ளத்தாக்குக் காற்று மேலே ஏறும், இரவில் குளிர்ந்து கனத்த மலைக்காற்று கீழே இறங்கும். நுவரெலியாப் பக்கம் ஜனவரியில் பள்ளமான இடத்துத் தேயிலை மட்டும் உறைபனியில் கருகி, மேட்டில் இருப்பது தப்புவதைப் பார்த்திருப்பீர்கள். குளிர்ந்த காற்று தண்ணீர் போல வடிந்து பள்ளத்தில் தேங்குகிறது. இந்த உதாரணத்தைக் கட்டுரையில் எழுதுங்கள், கண்ணால் கண்டது விடையில் தனியாகத் தெரியும்.

படித்ததைக் கையில் பழக்க நான் செய்தது ஒன்றுதான். வளிமண்டலவியல் திணைக்களத்தின் கடற்பிராந்திய வானிலை அறிக்கை தமிழிலேயே வருகிறது. தினமும் அதில் காற்றின் திசையை எடுத்து, கையால் வரைந்த இலங்கைப் படத்தில் அம்பு போட்டு, நான்கு கரைகளுக்குக் கோணம் பார்ப்பேன். ஐந்து நிமிடம் போதும். இரண்டு மாதத்தில் பாகைமானி தேவைப்படவில்லை.

சூறாவளி கடைசியாக வரட்டும், அதில் திசை ஒவ்வொரு ஊருக்கும் மாறும். வட அரைக்கோளத்தில் அது இடஞ்சுழியாகச் சுழல்வதால், 1978 நவம்பரில் மட்டக்களப்பைத் தாக்கியதைப் போல கிழக்கிலிருந்து கரையேறும் சூறாவளியில், மையத்துக்கு வடக்கே இருக்கும் கரைக்குக் காற்று கிழக்கிலிருந்து, கரைநோக்கி வரும். கடலையும் சேர்த்து ஊருக்குள் தள்ளும். தெற்கே இருக்கும் கரைக்கு மேற்கிலிருந்து, கடல்நோக்கிப் போகும். முதலில் இதற்கு ஒரு படம் வரைந்து பாருங்கள். பிறகு டிசெம்பரின் வடகீழ்ப் பருவக்காற்றை 45 என்று வைத்து முல்லைத்தீவு, கல்முனை, ஹிக்கடுவை மூன்றுக்கும் கோணம் பாருங்கள். முதல் இரண்டும் கரைநோக்கியவை, ஹிக்கடுவைக்குக் கடல்நோக்கியது என்று வந்தால் சரி.