சல்மாவை எடுத்துத் தேர்வு எழுதப் போகிறவர்களுக்கு

முடிவு வந்துவிட்டது. தற்கால இலக்கியத் தாளில் நான் எதிர்பார்த்ததைவிட நல்ல மதிப்பெண். இரண்டு நாளாக மனசு லேசாக இருக்கிறது. படைப்பாளியின் வாழ்வும் பணியும் பற்றிய நீள்வினாவுக்கு நான் கவிஞர் சல்மாவை எடுத்தேன். அடுத்த வருஷம் எழுதப் போகிறவர்கள் இப்போதே கேட்கிறார்கள். தாள் எப்படி இருக்கும் என்பது உங்களுக்கே தெரியும், அதை விட்டுவிடுகிறேன்.

முதலில் ஒரு ஆற்றாமையைக் கொட்டிவிடுகிறேன். எனக்கு டியூஷன் எடுத்த ஆசிரியர், "உயிரோடு இருக்கிற எழுத்தாளர் வேண்டாம், பாரதியை எடு, நோட்ஸ் நிறையக் கிடைக்கும்" என்று கடைசி வரை சொல்லிக்கொண்டே இருந்தார். நோட்ஸ் கிடைக்காததுதான் எனக்குக் கை கொடுத்தது. வேறு வழியில்லாமல் மூலத்தையே படித்தேன். மொரீஷியஸில் வீட்டில் கிரியோல் பேசி, தமிழைப் பள்ளியிலும் கோயில் வகுப்பிலும் கற்ற நம்மைப் போன்றவர்களுக்கு நோட்ஸ் ஒரு பெரிய ஆசை. அந்த ஆசையை விடுங்கள்.

இனி விஷயம். கவிதையை முதலில் படியுங்கள், அப்புறம் நாவல், வாழ்க்கை வரலாறு கடைசி. இந்த வரிசை ஒன்றுதான் என்னைக் காப்பாற்றியது.

எல்லோரும் இதைத் தலைகீழாகச் செய்வார்கள், ஏனென்றால் அந்த வாழ்க்கை அப்படி இழுக்கும். 1968இல் திருச்சி மாவட்டம் துவரங்குறிச்சியில் பிறந்தவர். பதின்மூன்று வயதில் பள்ளியை விட்டு நிறுத்தி வீட்டுக்குள் வைத்தார்கள். திருமணத்துக்குப் பிறகு, யாருக்கும் தெரியாமல் இரவில் குளியலறையில் நின்றபடி எழுதினார். சல்மா என்பதே மறைந்துகொள்ள வைத்த புனைபெயர். 2001இல் பேரூராட்சித் தலைவர், பிறகு மாநில சமூக நல வாரியத்தின் தலைவர், 2025இல் மாநிலங்களவை உறுப்பினர். இதை எழுத ஆரம்பித்தால் மூன்று பக்கம் போய்விடும், படைப்புக்கு இடமே இருக்காது. என் கூடப் படித்தவர்கள் சிலருக்கு அப்படித்தான் ஆனது. நான் வாழ்க்கைக்கு ஒரே ஒரு பத்தி கொடுத்தேன், அதுவும் விடையின் பின்பாதியில்.

கவிதை ஏன் முதலில்? 'பச்சை தேவதை' (2003) தொகுப்பில் 'இரண்டாம் ஜாமத்துக் கதை' என்று ஒரு கவிதை இருக்கிறது. பிள்ளை பெற்ற பிறகு மாறிப்போன உடல். அதில் பழைய அழகைத் தேடி அருவருக்கும் கணவன். படத்தில் சும்மா இருந்த புலி கடைசியில் அவள் தலைமாட்டில் உட்கார்ந்து அவளையே பார்க்கிறது. அடுத்த வருஷமே வந்த நாவலின் பெயர் 'இரண்டாம் ஜாமங்களின் கதை'. ஒரு ஜாமம் பல ஜாமங்களாகிவிட்டது. கவிதையில் ஒருத்திக்கு நடந்தது, நாவலில் ஒரு ஊரின் பெண்கள் எல்லோருக்கும் நடக்கிறது. தேர்வில் என் முழு விடையும் இந்த ஒரு இழையில்தான் நின்றது. கவிஞரும் நாவலாசிரியரும் ஒரே ஆள் என்பதை நிரூபிக்க இதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியவில்லை.

நாவல் தடிமனானது, பாத்திரங்கள் ஏராளம். குழம்பினால் ராபியாவைப் பிடித்துக்கொள்ளுங்கள். அந்தச் சிறுமி தோழிகளோடு ரகசியமாகச் சினிமாவுக்குப் போய் அடி வாங்குகிறாள். சல்மாவைப் பள்ளியிலிருந்து நிறுத்தியதும் தோழிகளோடு ஒரு படம் பார்க்கப் போனதை ஒட்டித்தான். அதே படத்துக்குப் போன அவருடைய அண்ணனுக்குத் தண்டனை இல்லை. வாழ்க்கைக்கான அந்த ஒரே பத்தியை நான் இங்கேதான் வைத்தேன். பிரதியைப் பேசிவிட்டு வாழ்க்கையைத் தொட்டால் ஆய்வு மாதிரி நிற்கும், முதலிலேயே சொன்னால் வெறும் அறிமுகம்.

மொழி பயமுறுத்தும் என்பார்கள். தமிழ் முஸ்லிம் வீட்டுப் பேச்சு அப்படியே வருகிறது. நமக்கு இது அவ்வளவு கஷ்டம் இல்லை. போர்ட் லூயியில் முஸ்லிம்கள் அதிகம் வாழும் பிளேன் வெர்த் பக்கம் நண்பர்கள் உள்ளவர்களுக்கு நிக்காஹ், தலாக், ஹராம் எல்லாம் காதில் விழுந்த வார்த்தைகள். கணவனை இழந்த பெண் வீட்டுக்குள் ஒதுங்கியிருக்கும் காலத்தைச் சொல்லும் இத்தா என்ற சொல்லைப் பற்றி என் எதிர்வீட்டு அக்காவிடம் கேட்டேன். கணவன் இறந்த பிறகு தன் பாட்டி எந்த அறையில் எத்தனை நாள் இருந்தார், யாரைப் பார்க்கக்கூடாது என்று விலாவாரியாகச் சொன்னார். நாவலின் வீட்டுக்குள் நானே போய் வந்ததுபோல் இருந்தது. கூச்சப்படாமல் கேளுங்கள், மரியாதையாகக் கேளுங்கள்.

மற்றவை சுருக்கமாக:

- ஆண்டுகள் இவ்வளவு போதும்: 'ஒரு மாலையும் இன்னொரு மாலையும்' கவிதைகள் 2000, 'பச்சை தேவதை' 2003, முதல் நாவல் 2004, 'சாபம்' சிறுகதைகள் 2012, 'மனாமியங்கள்' நாவல் 2016.
- பெண் உடலை எழுதியதற்காக வந்த எதிர்ப்பைச் சொல்லும்போது அவரைத் தனியாக நிறுத்தாதீர்கள். அதே எதிர்ப்பைச் சந்தித்த கவிஞர்கள் மாலதி மைத்ரி, குட்டி ரேவதி, சுகிர்தராணியோடு சேர்த்துச் சொல்லுங்கள்.
- தமிழ் வேகமாக ஓடாத நாளில் லக்ஷ்மி ஹோம்ஸ்ட்ராமின் ஆங்கில மொழிபெயர்ப்பைப் பக்கத்தில் வையுங்கள். விடையை மட்டும் அதிலிருந்து யோசிக்காதீர்கள், வாக்கியம் கோணலாகிவிடும்.
- கவிதைகளைக் கையால் எழுதிப் பாருங்கள். ண, ன குழப்பம் தீரும், வேகமும் வரும்.
- அவரைப் பாவமாகக் காட்டும் வாக்கியம் விடையில் ஒன்றுகூட வேண்டாம். பரிதாபத்துக்கு யாரும் மதிப்பெண் போடுவதில்லை, அவருக்கும் அது மரியாதை இல்லை.

மனப்பாடம் நன்றாக வருகிறவர்களுக்கு என் வழி மெதுவாகத் தெரியலாம். எனக்கு வராது, ஆகவே ஒரு கவிதையோடு நெடுநேரம் இருப்பேன், அது தானாக நினைவில் தங்கிவிடும்.

நாவல் இங்கே கடைகளில் எளிதில் கிடைக்காது. சென்னைக்குப் போகும் உறவினர் யாராவது இருந்தால் இப்போதே சொல்லி வையுங்கள், காலச்சுவடு பதிப்பு. கிடைக்காதவர்கள் என்னிடம் கேளுங்கள், பக்க ஓரங்களில் பென்சிலால் கிறுக்கிய பிரதி இருக்கிறது, தருகிறேன். ஒருவர் முடித்ததும் அடுத்தவருக்குக் கொடுத்துவிடுங்கள்.