கிணற்றடி மல்கோவா

கடந்த ஆனி மாதத்தில் கிருஷ்ணகிரியிலிருந்து சந்தூர் பக்கம் சென்றபோது, வழிநெடுக மாந்தோப்புகளைப் பார்த்துக்கொண்டே போனேன். பெரும்பாலும் பெங்களூரா மரங்கள். நுனி வளைந்திருப்பதால் அக்காயைக் கிளிமூக்கு என்றும் சொல்வோம்.

நண்பர் ஒருவரின் தயவால் அங்கே மாங்கூழ் ஆலை ஒன்றைப் பார்க்க வாய்த்தது. முற்றிய காயாகப் பறித்து வந்ததை எத்திலீன் வாயு செலுத்திப் பழுக்க வைக்கிறார்கள் (கார்பைடு கல்லுக்குத்தான் தடை, இதற்கு அனுமதி உண்டு). கழுவிய பழங்கள் பெல்ட்டில் நகர்ந்து வருகையில், இருபுறமும் நிற்கும் பெண்கள் அழுகலைப் பொறுக்கிவிட்டுக் காம்புப் பகுதியைக் கத்தியால் சீவித் தள்ளுகிறார்கள். அதன் பிறகு மனிதக் கை பழத்தைத் தொடுவதில்லை. தோலும் கொட்டையும் நீங்கிய கூழ், 90 டிகிரிக்கு மேல் சூடாகிக் குளிர்ந்து, கிருமி நீக்கிய பைகளில் அடைபட்டு, 200 லிட்டர் பீப்பாய்களில் இறங்குகிறது. குளிர்பதனம் இல்லாமலே மாதக்கணக்கில் கெடாது. பீப்பாயின் மேல் ரகமும் தேதியும் தொகுதி எண்ணும் இருந்தன. எந்தத் தோப்பு, எந்த மண் என்பதற்கு அதில் இடமில்லை. கடையில் நாம் வாங்கும் பழபானத்தில் இந்தக் கூழ் பத்தில் ஒரு பங்கு இருந்தாலே சட்டத்துக்குப் போதும். மற்றதில் பெரும்பகுதி தண்ணீரும் சர்க்கரையும்தான்.

ஆலையைப் பழிக்க எனக்கு மனம் வரவில்லை. அது வாங்காவிட்டால், சில வாரங்களுக்குள் குவியும் இத்தனை காயும் மரத்தடியிலேயே அழுகும். ஆனால் வாங்கும் கை ஒன்றே என்றாகும்போது விலையும் அந்தக் கையிலேயே போய்விடுகிறது. எந்த மரத்தை நடுவது என்பதைக்கூட, அந்த மண்ணை ஒருநாளும் மிதிக்காத நாம் குடிக்கும் பாட்டில்தான் முடிவு செய்கிறது என்பது என்னை மிகவும் உறுத்தியது.

மாலையில் ஒரு தோப்புக்காரரிடம், வீட்டுக்கு எந்தப் பழம் வைத்துக்கொள்வீர்கள் என்று கேட்டேன்.

"இதெல்லாம் ஃபேக்டரிக்குப் போறதுங்க. நமக்குன்னு கிணத்தடியில ஒண்ணு இருக்குது, வாங்க" என்று அழைத்துப் போனார்.

அவருடைய தாத்தா வைத்த மல்கோவா மரம் அது. ஒரு காயைக் காம்போடு பறித்து, காம்பைக் கிள்ளியதும் பால் பீறிட்டது. காயின் தோலில் பட்டால் கருகிப் புண்ணாகிவிடும் என்று காயை உடனே கவிழ்த்து, பால் சொட்டி நிற்கும்வரை கையிலேயே பிடித்திருந்தார். அப்படியே ஐந்து காய்களை வைக்கோலில் சுற்றிக் கொடுத்தார்.

"நாள் கணக்கு பாக்காதீங்க. வாசம் வந்தா எடுத்துக்குங்க."

ஆறாம் நாள் விடியலில், சமையலறைக்குள் நுழையும் முன்பே வாசம் வந்துவிட்டது.