ரெண்டு பக்கமும் செய்யோணும்

எங்கட கணக்கு சேர் மோசம் போயிட்டார் எண்டு வாட்ஸப் குறூப்பில செய்தி வந்ததில இருந்து எல்லாரும் படம் போட்டு அஞ்சலி எழுதுறீங்கள். எங்கட பழைய மாணவர் சங்கம் போடுற நினைவு மலருக்கு நான் எழுத விரும்புறது அவர் ஒன்பதாம் ஆண்டில எங்களுக்கு சமன்பாடு படிப்பிச்ச விதத்தைப் பற்றி.

அந்த நேரம் ரியூசன்ல எல்லா இடத்திலயும் ஒரே மந்திரம்தான், பக்கம் மாறினா சைன் மாறும், அவ்வளவுதான், ஏன் மாறுது எண்டு ஒருத்தரும் கேக்கிறேல்ல. சேர் அந்த வசனத்தை வகுப்புக்குள்ள சொல்லவே விடமாட்டார். 7எக்ஸ் - 5 = 3எக்ஸ் + 19 எண்டு போடில எழுதுவார். ரெண்டு பக்கமும் எக்ஸ் நிக்குது, எது சின்னன் எண்டு கேப்பார், 3எக்ஸ், அப்ப ரெண்டு பக்கத்திலயும் 3எக்ஸைக் கழியுங்கோ. 4எக்ஸ் - 5 = 19. இப்ப ரெண்டு பக்கமும் 5ஐக் கூட்டுங்கோ, 4எக்ஸ் = 24, ரெண்டு பக்கத்தையும் 4ஆல பிரியுங்கோ, 6. அதோட விடமாட்டார். 6ஐத் திருப்பி முதல் வரியில போட்டு, இந்தப் பக்கம் 37, அந்தப் பக்கமும் 37 எண்டு வாய்ப்புப் பார்த்தால்தான் சரி போடுவார்.

ஒருநாள் பின்வாங்கில இருந்த ஒருத்தன் 5எக்ஸ் = 20க்கு விடை 15 எண்டு எழுதிப்போட்டான். 5 பக்கம் மாறினபடியா மைனஸ் ஆகிட்டுதாம். வகுப்பே சிரிச்சது. சேர் சிரிக்கேல்ல. அவனைக் கூப்பிட்டு 15ஐ திருப்பிப் போடச் சொன்னார், 75 வந்தது. 75உம் 20உம் சமனோ தம்பி எண்டு மெதுவாக் கேட்டார், பிறகு எங்களைப் பார்த்து, இவனில பிழையில்ல, அந்த மந்திரத்திலதான் பிழை, அது கூட்டல் கழித்தலுக்கு சரிவரும், பெருக்கி நிக்கிற எண்ணுக்கு சரிவராது எண்டார். அடியே இல்லாத வகுப்பு அது, அந்தக் காலத்தில அது எவ்வளவு பெரிய விசயம் எண்டு உங்களுக்குத் தெரியும்.

யாழ்ப்பாணத்தில அப்ப போர்க்காலப் பொருளாதாரத்தடை, கரண்ட் இல்ல, ஜாம் போத்தல் விளக்கில படிப்பு, கொப்பிக்கும் தட்டுப்பாடு. அப்பிடி இருந்தும் ஒவ்வொரு படிக்கும் புது வரி எழுதோணும், சமன் அடையாளம் ஒண்டுக்குக் கீழ ஒண்டு நேரா வரோணும் எண்டு நிப்பார். அந்த அடையாளத்தை 1557இல ரொபேர்ட் ரெக்கோர்ட் எண்ட வேல்ஸ்காரர் கொண்டுவந்தவர், ஒரே நீளமான ரெண்டு சமாந்தரக் கோட்டைவிட சமனான ரெண்டு பொருள் உலகத்தில இல்ல எண்டு நினைச்சுத்தான் அப்பிடிக் கீறினவர் எண்டும் சேர்தான் சொன்னவர். அந்த மனுசன் அடுத்த வருசமே லண்டன் சதர்க் சிறையில செத்தவர். நான் அந்தப் பக்கம் வேலைக்குப் போகேக்குள்ள சேரைத்தான் நினைப்பன்.

இஞ்ச என்ர மகளுக்கும் ரியூசன்ல அதே மந்திரம்தான் சொல்லிக் குடுக்கினம். நான் பக்கத்தில இருந்து ரெண்டு பக்கமும் செய்ய வைக்கிறன். அவளுக்கு இப்ப 3எக்ஸ் + 4 = 3எக்ஸ் + 9 குடுத்தா, ரெண்டு பக்கமும் 3எக்ஸைக் கழிச்சுப் பார்த்துட்டு, 4உம் 9உம் சமனில்ல, இதுக்கு விடையே இல்ல அப்பா எண்டு தானாச் சொல்லுவாள். இந்தச் சந்தோசத்தை சேருக்கு ஒரு ஃபோன் எடுத்துச் சொல்லியிருக்கலாம். 95 ஒக்டோபர் யாழ்ப்பாண இடப்பெயர்வில எல்லாரோடயும் நடந்து போனவர், பிறகு திரும்பி வந்து அதே வகுப்பில படிப்பிச்சவர். அவரிட்டப் படிச்ச நாங்கள் லண்டன், ரொறொன்ரோ, சிட்னி எண்டு கணக்கால சோறு சாப்பிடுறம், எங்கட செற்றில அந்தப் போடுக்கு முன்னால போய் நிக்க ஒருத்தர்கூட மிஞ்சேல்ல. அதை நினைச்சா நெஞ்சுக்குள்ள என்னவோ செய்யுது.

சங்கம் அவர் பேரில என்ன செய்யிறது எண்டு கேட்டிருந்தீங்கள். அவற்ற கணக்குகளை ஞாபகமுள்ள ஆக்கள் எழுதி அனுப்புங்கோ, ஒரு சின்னப் புத்தகமாக்கி ஊரில ஒன்பதாம் ஆண்டுப் பிள்ளையளுக்குக் குடுப்பம். என்ர பங்குக்கு முதலாவது: தகப்பனுக்கு 50 வயது, மகனுக்கு 30, எத்தினை வருசத்தில தகப்பன்ர வயது மகன்ர வயதைப்போல மூண்டு மடங்காகும்? விடை மைனஸில வரும், வெட்டிப்போடாதேங்கோ, அது நடந்து முடிஞ்ச காலம் எண்டு சேர் சொல்லுவார். வாய்ப்புப் பார்த்து அனுப்புங்கோ.